தேனீக்களின் பகைவன் – இராட்சதக் குளவி

(இரண்டாம் ஆண்டு இளம் அறிவியல், விலங்கியல்)

முன்னுரை

தேனீயை அறியாதவர் இலர். குளவியைக் கண்டு அஞ்சாதவரும் இலர். ஒன்று நண்பன், மற்றது பகைவன் என்று சிறு வயது முதலே எண்ணிப் பழகிவிட்டோம். விலங்கியல் முறைப்படி பார்த்தாலோ இரண்டும் 'ஹைமனாப்டிரா' என்னும் ஒரே வரிசையைச் சேர்ந்த பங்காளிகள். பங்காளிப் பகை எவ்வளவு கொடியது என்பதை நாம் ஊர்களில் பார்த்திருக்கிறோம். பூச்சிகளின் உலகிலும் அப்படியொரு பகை உண்டு.

என் தந்தை பனையேறும் தொழிலாளி. தளைநாரைக் காலில் மாட்டுவதற்கு முன் அவர் மரத்தடியில் சிறிது நேரம் அண்ணாந்து பார்த்தபடி நிற்பார். அவர் சாமி கும்பிடுகிறார் என்றே சிறுவயதில் நினைத்திருந்தேன். ஒரு நாள் கேட்டேன். "கடந்தை வருதா போவுதான்னு பாக்கேன். ஒத்தைக் கடந்தை மட்டைக்குள்ள போச்சுன்னா அங்க கூடு இருக்குன்னு அர்த்தம். பாக்காம ஏறுனா எறங்க வழி கிடையாது" என்றார். அவருடைய அண்ணன், என் பெரியப்பா, அப்படிப் பாராமல் ஏறிய ஒரு காலையில்தான் பனையிலிருந்து விழுந்து இறந்தார். அது நான் பிறப்பதற்கு முன் நடந்தது.

எங்கள் பக்கம் கடந்தை என்றும், வேறு சில மாவட்டங்களில் கதண்டு என்றும் வழங்கப்படும் பெருங்குளவிகள் 'வெஸ்பா' என்னும் பேரினத்தைச் சேர்ந்தவை. அப்பேரினத்தில் உலகிலேயே பெரியது 'வெஸ்பா மாண்டரினியா' என்னும் இராட்சதக் குளவி. அது தன் தாயகமாகிய ஆசியாவை விட்டுக் கடல் கடந்து வட அமெரிக்காவில் இறங்கியதும், அங்குள்ள தேனீக்களுக்கு நேரவிருந்த பேரழிவும், அவ்வழிவு எவ்வாறு தடுக்கப்பட்டது என்பதும் நாம் அறிந்துகொள்ள வேண்டிய செய்திகள். அவற்றை இக்கட்டுரையில் காண்போம்.

உருவமும் இயல்பும்

இக்குளவியை 1852ஆம் ஆண்டில் பிரெடரிக் சுமித் என்னும் ஆங்கிலேயப் பூச்சியியலார் முதன்முதலாக விவரித்துப் பெயரிட்டார். ஜப்பான், கொரியா, சீனா, தைவான், உருசியாவின் கிழக்குக் கோடி, இமயமலைச் சாரல், நம் நாட்டின் வடகிழக்கு மாநிலங்கள் ஆகியவை இதன் தாயகம். தென்னிந்தியாவில் இது இல்லை. நாம் இங்கே காண்பவை இதன் சிறிய உறவினங்களே.

இதன் வேலைக்காரக் குளவி 35 முதல் 40 மில்லிமீட்டர் நீளம் இருக்கும். இராணிக் குளவியோ 50 மில்லிமீட்டரை எட்டும். அதாவது நம் கட்டைவிரல் அளவுள்ள ஒரு பூச்சி! சிறகை விரித்தால் ஏறத்தாழ 75 மில்லிமீட்டர். கொடுக்கின் நீளம் மட்டும் 6 மில்லிமீட்டர். ஆரஞ்சு நிறத்தில் அகன்ற தலை, கருமையான மார்பு, மஞ்சளும் பழுப்பும் பட்டை பட்டையாக அமைந்த வயிறு ஆகியவை இதன் அடையாளங்கள். ஜப்பானியர் இதற்கு வைத்துள்ள பெயரின் பொருள் 'பெரிய சிட்டுக்குருவித் தேனீ' என்பதாகும். தூரத்தில் பறக்கும்போது சிறு பறவை என்று மயங்கும் அளவுக்குப் பெரியது என்பதை அப்பெயரே உணர்த்துகிறது.

தேனீ ஒருமுறை நம்மைக் கொட்டினால் அதன் கொடுக்கு நம் தோலில் சிக்கி அறுந்துபோக, தேனீயும் இறந்துவிடும். குளவியின் கொடுக்கு அவ்வாறு சிக்குவதில்லை. ஆகவே அது திரும்பத் திரும்பக் கொட்ட வல்லது. 2013ஆம் ஆண்டில் சீனாவின் சான்சி மாநிலத்தில் குளவிகள் கொட்டியதால் 40க்கும் மேற்பட்டோர் இறந்தனர். 1,600க்கும் மேற்பட்டோர் பாதிக்கப்பட்டனர். இருப்பினும் மனிதனைத் தேடி வந்து கொட்டுவது இதன் இயல்பன்று. கூட்டுக்கு அருகில் இடையூறு நேரும்போதே அது பொங்கி எழுகிறது. அது தேடிச் சென்று கொல்வது பிற பூச்சிகளை. அவற்றுள் முதன்மையானது தேனீ.

ஓராண்டு வாழ்க்கை

தேனீக்கூட்டம் ஆண்டுக்கணக்கில் தொடர்ந்து வாழ்வது. இராட்சதக் குளவியின் குடும்பத்துக்கோ ஆயுள் ஓராண்டுதான். கருவுற்ற இராணி குளிர்காலம் முழுவதும் மண்ணிலோ மட்கிய மரத்திலோ தனியாக உறங்கிக் கிடக்கும். வசந்த காலத்தில் விழித்து, எலி முதலியவை கைவிட்ட வளைகளிலோ, மர வேர்களின் அடியில் உள்ள குழிகளிலோ தானே சிறு கூடு கட்டி முட்டையிடும். முதலில் பிறக்கும் வேலைக்காரக் குளவிகள் வளர்ந்த பின், இரை தேடும் பொறுப்பை அவை ஏற்றுக்கொள்ளும். கோடை முடிவதற்குள் கூட்டில் சில நூறு குளவிகள் பெருகிவிடும். இலையுதிர் காலத்தில் ஆண் குளவிகளும் புதிய இராணிகளும் வெளிவந்து இணைகூடும். பிறகு பழைய இராணியும் வேலைக்காரக் குளவிகளும் மடிய, கருவுற்ற புதிய இராணிகள் மட்டும் பிரிந்து சென்று உறங்கத் தொடங்கும்.

இதில் இரண்டு செய்திகளை மனத்தில் கொள்ளவேண்டும். ஒன்று, ஒரே ஒரு கருவுற்ற இராணி போதும், ஒரு புதிய நாட்டில் இவ்வினம் வேரூன்றுவதற்கு. உறங்கும் இராணி சரக்குப் பெட்டிகளின் இடுக்கில் ஒளிந்து கடல் கடப்பது எளிது. மற்றொன்று, புதிய இராணிகள் வெளியேறுவதற்கு முன் கூட்டை அழித்தால் அந்தக் குடும்பம் அத்துடன் முடிந்தது. வெளியேறிய பின் கூட்டை அழித்துப் பயன் இல்லை.

மூன்று கட்டத் தாக்குதல்

வளர்ந்த குளவிக்குத் திட உணவை விழுங்கும் ஆற்றல் இல்லை. அது கொன்று கொண்டுவரும் இறைச்சி எல்லாம் கூட்டில் உள்ள புழுக்களுக்கே. உண்ட புழுக்கள் தம் வாயிலிருந்து சத்து மிகுந்த ஒரு நீரைச் சுரந்து கொடுக்கும். அந்நீரே வளர்ந்த குளவிகளுக்கு உணவாகிறது. இலையுதிர் காலத்தில் இராணிப் புழுக்களை வளர்க்கவேண்டியிருப்பதால் புரத உணவின் தேவை பெருகுகிறது. அவ்வேளையில்தான் தேனீக்களின் மேல் படையெடுப்பு தொடங்குகிறது.

ஜப்பானிய அறிஞர்களான மட்சுராவும் சகாகாமியும் 1973ஆம் ஆண்டில் வெளியிட்ட ஆய்வுக் கட்டுரையில் இத்தாக்குதலை மூன்று கட்டங்களாகப் பிரித்துக் கூறினர்.

முதற்கட்டம் வேட்டை. தனியாக வரும் குளவி, தேன்கூட்டின் வாயிலில் ஒரு தேனீயைப் பிடித்து, தலையையும் வயிற்றையும் அறுத்து எறிந்துவிட்டு, தசை நிறைந்த மார்புப் பகுதியை மட்டும் உருண்டையாக்கி எடுத்துச் செல்லும்.

இரண்டாம் கட்டம் படுகொலை. ஒரே தேன்கூட்டின் முன் பல குளவிகள் கூடிவிட்டால் அவை இரையை எடுத்துச் செல்வதையும் மறந்து, எதிரில் வரும் தேனீக்களை எல்லாம் தாடையால் வெட்டி வீழ்த்தும். முப்பது குளவிகள் கூடினால், முப்பதாயிரம் தேனீக்கள் வாழும் ஒரு பெட்டியைச் சில மணி நேரத்தில் சுடுகாடாக்கிவிடும்.

மூன்றாம் கட்டம் கைப்பற்றல். வெற்றி கொண்ட குளவிகள் அக்கூட்டைத் தம் உடைமையாக்கிக்கொண்டு, அடைகளில் உள்ள புழுக்களையும் கூட்டுப்புழுக்களையும் நாள்கணக்கில் எடுத்துச் செல்லும். அவ்வேளையில் பெட்டியை அணுகும் மனிதனையும் அவை விடுவதில்லை.

இரு தேனீக்கள், இருவகைப் போர்

ஆசியத் தேனீயாகிய 'ஏபிஸ் செரானா' பன்னெடுங்காலமாக இக்குளவியோடு ஒரே காட்டில் வாழ்ந்து வருவது. ஐரோப்பியத் தேனீயாகிய 'ஏபிஸ் மெல்லிஃபெரா'வோ இராட்சதக் குளவியை அறியாத நிலங்களில் தோன்றி வளர்ந்தது. ஐரோப்பியத் தேனீ 1877ஆம் ஆண்டில் ஜப்பானுக்குக் கொண்டுவரப்பட்டது. அன்று முதல் இரண்டும் ஒரே நாட்டில் வாழ்வதால், ஒரே பகைவனை அவை எவ்வாறு எதிர்கொள்கின்றன என்று ஒப்பிட்டுப் பார்க்க அறிவியலாருக்கு வாய்ப்புக் கிடைத்தது.

ஐரோப்பியத் தேனீயிடம் வீரத்துக்குக் குறைவில்லை. குளவி வந்ததும் காவல் தேனீக்கள் ஒவ்வொன்றாகப் பாய்ந்து செல்லும். ஆனால் குளவியின் தடித்த மேலோட்டில் தேனீயின் கொடுக்கு எளிதில் ஏறுவதில்லை. ஒவ்வொன்றாகச் சென்றவை ஒவ்வொன்றாக மடியும். அடுத்த தேனீ வந்து அதே இடத்தில் நிற்கும், அதுவும் மடியும்.

ஜப்பானியத் தேனீயின் முறை வேறு. தமகாவா பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த மசாட்டோ ஓனோவும் அவருடைய குழுவினரும் 1995ஆம் ஆண்டில் இதை விளக்கி எழுதினர். படுகொலை தொடங்குவதற்கு முன், வேவு பார்க்க வரும் குளவி தன் வயிற்றின் நுனியிலுள்ள சுரப்பியிலிருந்து ஒரு மணப்பொருளைத் தேன்கூட்டின் மேல் தடவி அடையாளம் இடுகிறது. அந்த மணமே மற்றக் குளவிகளை அழைத்து வருகிறது. ஜப்பானியத் தேனீக்கள் அம்மணத்தை உணர்ந்துகொள்கின்றன. உடனே அவை வெளியே பாயாமல் உள்ளே பின்வாங்கி, வாயிலின் உட்புறத்தில் ஆயிரக்கணக்கில் திரண்டு காத்திருக்கின்றன. வேவுக் குளவி உள்ளே நுழைந்ததும் 500க்கும் மேற்பட்ட தேனீக்கள் ஒரே நொடியில் அதன்மேல் கவிந்து, ஒரு பந்து போல் மூடிக்கொள்கின்றன.

அப்பந்துக்குள் நடப்பது கொட்டுதல் அன்று, வேகவைத்தல்! தேனீக்கள் தம் பறக்கும் தசைகளை அதிர வைத்து வெப்பத்தை உண்டாக்குகின்றன. பந்தின் நடுவே வெப்பநிலை 46 டிகிரி சென்டிகிரேடைத் தாண்டுகிறது. குளவி 44 முதல் 46 டிகிரியில் இறந்துவிடும். தேனீயோ 48 முதல் 50 டிகிரி வரை தாங்கும். அந்த ஓரிரு டிகிரி வேறுபாடே தேனீயின் உயிருக்கும் குளவியின் சாவுக்கும் இடையிலுள்ள எல்லைக்கோடு. பந்துக்குள் சேரும் கரியமில வாயுவும் குளவியின் வெப்பம் தாங்கும் ஆற்றலைக் குறைத்துவிடுகிறது என்பதை 2009ஆம் ஆண்டு வெளிவந்த ஆய்வு காட்டியது.

இதற்கும் தேனீக்கள் ஒரு விலை கொடுக்கின்றன. பந்தில் பங்குகொண்ட தேனீக்களின் ஆயுள் குறைந்துவிடுகிறது என்று 2018இல் வெளியான ஆய்வு கூறுகிறது. இருந்தும் ஒருமுறை பந்தில் சேர்ந்த தேனீயே அடுத்த முறையும் முன்வந்து சேர்கிறதாம்.

வியட்நாமில் உள்ள ஆசியத் தேனீக்கள் வேறொரு தந்திரமும் செய்கின்றன. அங்கே இராட்சதக் குளவியின் உடன்பிறப்பு போன்ற 'வெஸ்பா சோரர்' என்னும் குளவி உண்டு. அதன் தாக்குதலுக்கு உள்ளான தேனீக்கள் கால்நடைகளின் சாணத்தைச் சிறு சிறு உருண்டைகளாகக் கொண்டுவந்து கூட்டின் வாயிலைச் சுற்றி அப்பிவைக்கின்றன. அவ்வாறு அப்பிய வாயிலைக் குளவிகள் அணுகத் தயங்குகின்றன என்று 2020இல் வெளியிடப்பட்ட ஆய்வு தெரிவித்தது. வாசலில் சாணம் தெளிக்கும் நம் தாய்மார்களுக்கு இச்செய்தி புன்னகையை வரவழைக்கும்.

இவற்றிலிருந்து ஓர் உண்மை புலனாகிறது. ஆசியத் தேனீ உருவத்தில் ஐரோப்பியத் தேனீயைவிடச் சிறியது. ஆயினும் அது வெல்கிறது. ஏனெனில், படை வரும் வரை அது காத்திருப்பதில்லை. வேவு பார்க்க வரும் முதற்குளவியிலேயே பகையை முடித்துவிடுகிறது.

கடல் கடந்து வந்த பகை

அமெரிக்காவில் வளர்க்கப்படும் தேனீ ஐரோப்பியத் தேனீயே. அதுவும் அந்நாட்டுக்கு வந்து குடியேறியதுதான். 1622ஆம் ஆண்டில் வர்ஜீனியாவில் குடியேறிய ஆங்கிலேயர் கப்பலில் அதைக் கொண்டு சென்றனர். இன்று அந்நாட்டின் வேளாண்மை பெரிதும் அதையே நம்பி நிற்கிறது. கலிபோர்னியாவின் பாதாம் தோட்டங்கள் பூக்கும் பருவத்தில், நாட்டிலுள்ள வணிகத் தேனீக்கூட்டங்களில் பாதிக்கு மேல் லாரிகளில் ஏற்றி அங்கே கொண்டு செல்லப்படுகின்றன. ஆப்பிள் விளைச்சலில் அந்நாட்டில் முதலிடம் வகிக்கும் வாஷிங்டன் மாநிலத்திலும் மகரந்தச் சேர்க்கைக்குத் தேனீயே துணை.

அந்த வாஷிங்டன் மாநிலத்தை ஒட்டி, எல்லைக்கு அப்பால், கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா மாநிலம் இருக்கிறது. அங்கே வான்கூவர் தீவிலுள்ள நனைமோ என்னும் ஊரில் 2019 செப்டம்பரில் இராட்சதக் குளவியின் கூடு ஒன்று மண்ணுக்குள் கண்டுபிடிக்கப்பட்டது. தேனீ வளர்ப்போர் சிலர் இரவில் சென்று அதை அழித்தனர். அதே ஆண்டு டிசம்பரில் எல்லைக்கு இப்பால், வாஷிங்டன் மாநிலத்தின் பிளெய்ன் என்னும் ஊருக்கு அருகில், ஒருவர் தம் வீட்டு முன்னே செத்துக் கிடந்த பெரிய குளவி ஒன்றைக் கண்டு வேளாண்மைத் துறைக்குத் தெரிவித்தார். அத்துறை அது இராட்சதக் குளவியே என உறுதி செய்தது.

இரண்டு இடங்களும் அருகருகே இருப்பதால் இரண்டும் ஒரே குடும்பத்தின் வழிவந்தவை என்று எண்ணத் தோன்றும். மரபணு ஆய்வோ வேறு உண்மையை வெளியிட்டது. கனடாவில் கிடைத்தது ஜப்பானிலிருந்தும், வாஷிங்டனில் கிடைத்தது தென்கொரியாவிலிருந்தும் வந்திருக்கவேண்டும் என்பது அம்முடிவு. அதாவது, ஒன்றுக்கொன்று தொடர்பின்றி இருமுறை இப்பகை கடல் கடந்து வந்திருக்கிறது.

நூல் கட்டிய குளவி

பகை வந்துவிட்டது, அதன் கூடு எங்கே? காடும் புதரும் நிறைந்த நிலத்தில், மரப்பொந்திலோ மண்ணுக்கடியிலோ உள்ள ஒரு கூட்டை எப்படித் தேடுவது? இராட்சதக் குளவி கூட்டிலிருந்து சில கிலோமீட்டர் தூரம் பறந்து சென்று இரை தேட வல்லது என்பதை நினைத்தால் இவ்வேலையின் கடுமை விளங்கும்.

வாஷிங்டன் மாநில வேளாண்மைத் துறையினர் ஆரஞ்சுச் சாறும் அரிசியில் வடித்த சமையல் மதுவும் கலந்த பொறிகளை மரங்களில் தொங்கவிட்டனர். பொதுமக்களும் தம் தோட்டங்களில் அதேபோன்ற பொறிகளை வீட்டிலேயே செய்து தொங்கவிட்டு, வாரந்தோறும் அதில் விழுந்த பூச்சிகளைப் பார்த்து வந்தனர். 2020 ஜூலையில் முதற்குளவி பொறியில் விழுந்தது. ஆனால் செத்த குளவி வீட்டுக்கு வழி காட்டாதல்லவா? உயிரோடு ஒன்று வேண்டியிருந்தது.

அவ்வாண்டு இலையுதிர் காலத்தில் உயிருள்ள குளவிகள் கிடைத்தன. அவற்றின்மேல் சிறிய வானொலிக் கருவியைப் பசையால் ஒட்டிப் பார்த்தனர். அது கழன்று விழுந்தது. பின்னர் பல்லிடுக்கைச் சுத்தம் செய்யும் நூலை எடுத்து, குளவியின் இடுப்பைச் சுற்றிக் கருவியைக் கட்டினர். அது நிலைத்தது. பறந்து சென்ற குளவியின் கருவி தந்த ஒலியைத் தொடர்ந்து சென்றவர்கள் 2020 அக்டோபர் 22 அன்று பிளெய்னுக்கு அருகே ஒரு மரப்பொந்தில் கூட்டைக் கண்டுபிடித்தனர். இரண்டு நாள் கழித்து, தடித்த காப்புடை அணிந்த வல்லுநர்கள் மரத்தைச் சுற்றி மூடி, காற்றை உறிஞ்சும் கருவியால் குளவிகளை வெளியே இழுத்துச் சிறைப்படுத்தினர். பிறகு மரத்தை வெட்டிப் பிளந்து பார்த்தபோது, முட்டை முதல் வளர்ந்த குளவி வரை எல்லா நிலைகளிலும் சேர்த்து ஏறத்தாழ 500 உயிர்கள் அக்கூட்டில் இருந்தன. அவற்றுள் இராணிகள் மட்டும் 200க்குச் சற்றுக் குறைவு. இன்னும் சில நாள் தாமதித்திருந்தால் அவற்றில் பல பறந்து சென்றிருக்கும்.

நூல் கட்டும் இம்முறை முற்றிலும் புதியதன்று என்பது குறிப்பிடத்தக்கது. ஜப்பானின் நடுப்பகுதி மலைக்கிராமங்களில் குளவிப் புழுக்களை உண்ணும் பழக்கம் உண்டு. அங்குள்ளவர்கள் சிறு குளவிக்கு ஒரு துண்டு இறைச்சியைக் கொடுப்பர். அத்துண்டில் வெண்ணிற நூலோ பஞ்சோ கட்டியிருக்கும். குளவி அதைத் தூக்கிக்கொண்டு பறக்க, அந்த வெண்மையைக் கண்ணால் தொடர்ந்து மேடு பள்ளம் பாராது ஓடிக் கூட்டைக் கண்டுபிடிப்பர். கிராமத்தார் நூலால் செய்ததை அறிவியல் வானொலியால் செய்தது என்றே கூறலாம்.

2021 ஆகஸ்டில் மேலும் ஒரு செய்தி வந்தது. பிளெய்னுக்குக் கிழக்கே, இராட்சதக் குளவி ஒன்று சிறு குளவிகளின் கூட்டைத் தாக்குவதைக் கண்ட ஒருவர் அதைத் துறைக்கு அறிவித்தார். அதன் வழியே சென்று அம்மாதத்திலேயே ஒரு கூட்டை அழித்தனர். அதில் எல்லா நிலைகளிலுமாக ஏறத்தாழ 1,500 உயிர்கள் இருந்தன. அவ்வாண்டு மொத்தம் மூன்று கூடுகள் கண்டு அழிக்கப்பட்டன.

அதன்பின் 2022, 2023, 2024 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் வாஷிங்டனில் ஒரு குளவியும் கண்டறியப்படவில்லை. 2024 டிசம்பர் 18 அன்று மாநில வேளாண்மைத் துறையும் அமெரிக்க நடுவண் வேளாண்மைத் துறையும் இராட்சதக் குளவி அந்நாட்டிலிருந்து ஒழிக்கப்பட்டுவிட்டதாக அறிவித்தன. ஐந்தாண்டு முயற்சி வெற்றி பெற்றது. வாஷிங்டனில் உறுதி செய்யப்பட்ட கண்டுபிடிப்புகளில் பாதி பொதுமக்கள் தந்த தகவலால் கிடைத்தவை என்று அத்துறையினரே கூறினர். கூடுகள் அனைத்தும் நேராகவோ மறைமுகமாகவோ மக்கள் அளித்த செய்தியின் வழியே கண்டுபிடிக்கப்பட்டவையே.

பிரான்சு தரும் பாடம்

எல்லா இடங்களிலும் இவ்வாறு நடந்துவிடவில்லை. ஆசியாவைச் சேர்ந்த மற்றொரு குளவி 'வெஸ்பா வெலுட்டினா'. இது இராட்சதக் குளவியைவிடச் சிறியது. மஞ்சள் நிறக் கால்களை உடையது. தேன்கூட்டின் முன் அந்தரத்தில் நின்று, திரும்பி வரும் தேனீக்களைப் பாய்ந்து பிடிப்பது இதன் வழக்கம். அச்சத்தால் தேனீக்கள் இரை தேடச் செல்வதையே நிறுத்திவிட, கூட்டம் பட்டினியால் நலிகிறது.

இக்குளவி 2004ஆம் ஆண்டில் பிரான்சின் தென்மேற்கே லோட்-எ-கரோன் பகுதியில் காணப்பட்டது. சீனாவிலிருந்து வந்த சரக்கோடு வந்திருக்கும் என்பது கருத்து. ஐரோப்பாவில் இன்று பரவியிருக்கும் இக்கூட்டம் முழுவதும் கருவுற்ற ஒரே ஓர் இராணியின் வழிவந்ததாக இருக்கலாம் என மரபணு ஆய்வு கூறுகிறது. ஒரே ஓர் இராணி! 2010இல் அது ஸ்பெயினில் காணப்பட்டது. 2011இல் போர்ச்சுகலிலும் பெல்ஜியத்திலும், 2012இல் இத்தாலியிலும், 2014இல் ஜெர்மனியிலும், 2016இல் இங்கிலாந்திலும் காணப்பட்டது.

இதன் கூடு பெரும்பாலும் உயர்ந்த மரங்களின் உச்சியில் இலைகளுக்குள் மறைந்திருக்கும். இலையெல்லாம் உதிர்ந்த பின்னரே, "அதோ கூடு" என்று மக்கள் கைகாட்டுவர். அதற்குள் புதிய இராணிகள் பறந்து போயிருக்கும். வெறுங்கூட்டைக் கலைப்பதால் என்ன பயன்? முளையிலேயே கிள்ளத் தவறிய பகை இன்று ஐரோப்பியத் தேனீ வளர்ப்போரின் நிரந்தரக் கவலையாகிவிட்டது.

பெயரும் பீதியும்

2020 மே மாதத்தில் அமெரிக்கச் செய்தித்தாள்கள் இராட்சதக் குளவிக்குக் 'கொலைகாரக் குளவி' என்ற பட்டத்தைச் சூட்டின. நோய்த்தொற்றால் ஏற்கெனவே அஞ்சியிருந்த மக்களிடையே அப்பெயர் காட்டுத்தீ போல் பரவியது. விளைவு என்ன? பயந்த மக்கள் கண்ணில் பட்ட பெரிய பூச்சிகளை எல்லாம் அடித்துக் கொன்றனர். மகரந்தச் சேர்க்கைக்கு உதவும் அந்நாட்டு வண்டுத்தேனீக்களும் தீங்கற்ற குளவிகளும் வீணாக மடிந்தன. தேனீயைக் காக்க எழுந்த அச்சம் தேனீயின் உறவினங்களையே கொன்றது. பூச்சியியலார் முன்வந்து, "கொல்லாதீர்கள், படம் எடுத்து எங்களுக்கு அனுப்புங்கள்" என்று சொல்லவேண்டியதாயிற்று. 2022 ஜூலையில் அமெரிக்கப் பூச்சியியல் கழகம், ஓர் இனத்தாரின் மேல் வெறுப்பைத் தூண்டும் பெயர்கள் கூடாது என்று கருதி, 'ஆசிய இராட்சதக் குளவி' என்ற பெயரையும் நீக்கி 'வடபுல இராட்சதக் குளவி' என்று பெயரிட்டது.

இக்குளவியும் தன் தாயகத்தில் இயற்கையின் ஓர் அங்கமே. பயிரை அழிக்கும் பூச்சிகளையும் அது உண்கிறது. நாகாலாந்து மக்கள் அதன் கூட்டைக் கொண்டுவந்து வளர்த்து, புழுக்களை உணவாகவும் கொள்கின்றனர். தன் இடத்தில் இருக்கும் வரை அது காட்டின் குடிமகன். இடம் மாறியபோதே பகைவனாகிறது. அதற்கு ஏணி வைத்துக் கொடுத்தது மனிதனின் வாணிகக் கப்பல்தான்.

முடிவுரை

நம் மார்த்தாண்டம் பகுதியில் பெட்டிகளில் வளர்க்கப்படும் தேனீயும் 'ஏபிஸ் செரானா' இனமே. குளவியைச் சூழ்ந்து பந்தாகும் வித்தையை அறிந்த அந்த ஜப்பானியத் தேனீ நம் ஊர்த் தேனீயின் நெருங்கிய உறவு. நம் நாட்டுத் தேனீயிடமும் இப்பழக்கம் காணப்பட்டுள்ளது. பகையோடு பழகி வளர்ந்த உயிரினத்தின் மதிப்பை நாம் உணரவேண்டும். நாட்டுத் தேனீயைப் பேணுவது தேனுக்காக மட்டுமன்று.

ஆசியத் தேனீ வேவுக் குளவியை அடையாளம் காணப் பன்னெடுங்காலம் ஆயிற்று. ஐரோப்பியத் தேனீக்கு அந்தக் காலம் கிடைக்கவில்லை. அதற்குத் தெரியாததை அதை வளர்க்கும் மனிதர்கள் செய்தனர். வாஷிங்டனில் செத்துக் கிடந்த ஒரு குளவியைக் கண்டு சும்மா கடந்து போகாத அந்த ஒருவரும், தோட்டத்தில் பொறி தொங்கவிட்டு வாரந்தோறும் பார்த்தவர்களும் சேர்ந்து, தேனீக்கள் உடலால் கட்டும் பந்தைத் தம் கண்களால் கட்டினர். அவர்களுள் பெரும்பாலோர் பூச்சியியல் படித்தவர் அல்லர். ஆனால் தம் ஊரில் எது வழக்கமாகப் பறக்கும், எது பறக்காது என்பது அவர்களுக்குத் தெரிந்திருந்தது.

அந்த அறிவு நம் ஊர்களிலும் இருக்கிறது. உழவரிடமும் தேனெடுப்போரிடமும் பனையேறிகளிடமும் இருக்கிறது. அதை எழுதி வைப்பதும், அறிவியலோடு சேர்ப்பதும் படிக்க வந்த நம் போன்றோரின் கடமை. கூடு கண்டவர் கல்லெறியாமல் தீயணைப்பு நிலையத்துக்குச் சொல்வதும், புதிய பூச்சி கண்டவர் அதை அடித்துப்போட்டுவிட்டு மறந்துவிடாமல் அருகிலுள்ள கல்லூரியின் விலங்கியல் துறைக்குக் காட்டுவதும் எளிய செயல்கள்தாம்.

இக்கட்டுரையை எழுதி முடித்த அன்று என் தந்தைக்கு இதைப் படித்துக் காட்டினேன். நூல் கட்டிய குளவியின் கதையை இருமுறை சொல்லச் சொன்னார். கேட்டு முடித்து, "அவங்களும் அண்ணாந்து பாத்துட்டுத்தான் ஏறியிருக்காங்க" என்றார். என் பெரியப்பாவைப் பற்றி அவர் அன்று எதுவும் பேசவில்லை. மறுநாள் விடியலில் தளைநாரோடு புறப்பட்டார். அவருடன் நானும் மரத்தடியில் நின்று, அண்ணாந்து பார்த்தேன்.